நமது இடுகாடு எது?

(குழித்துறையில் நடந்த வாசகர் கூட்டத்தில் பேசியதின் எழுத்து வடிவம். பேச்சு நடை பல இடங்களில் அப்படியே விடப்பட்டுள்ளது.)

தோழர்களே, உட்கார்ந்துகொண்டே பேசுகிறேன், மன்னிக்கணும். சட்டைக்குள்ளே இடுப்பிலிருந்து நெஞ்சுவரை பெல்ட் போட்டிருக்கிறேன். அரைமணி நேரத்துக்கு மேல் நின்றால் அது என்னை விட்டுவைக்காது.

'தொல் நாகரிகங்களும் நாமும்' என்று எனக்குத் தலைப்பு கொடுத்தார்கள். நான் தொல்லியல் படித்தவனில்லை. பி.காம். படித்துவிட்டு பாங்கில் கிளார்க் வேலை பார்க்கிறவன். இடையிடையே கவிதை எழுதுகிறவன். ஆனாலும் ஒத்துக்கொண்டேன். காரணம், கடந்த ஒன்றரை வருடமாய் என் முதுகெலும்பும் அரப்பாவும் எனக்குள் ஒன்றோடொன்று பின்னிக் கிடக்கின்றன. அதைப் பிரித்துச் சொல்லிப் பார்க்கலாம் என்று வந்திருக்கிறேன்.

முதலில் என் தீனத்தைச் சொல்லிவிடுகிறேன். முதுகுவலி ஆரம்பித்தபோது கேஷ் கவுண்டர் நாற்காலிதான் காரணம் என்று நினைத்தேன். எட்டு மாதம் தைலம் தேய்த்தேன். சாயங்காலம் காய்ச்சல் வரும், காலையில் இருக்காது. பதினோரு கிலோ குறைந்தது. ஒருநாள் பாத்ரூமிலிருந்து எழுந்திருக்கப் பார்க்கிறேன், வலதுகால் எனக்குச் சொந்தமில்லாத மாதிரிக் கிடக்கிறது. ஸ்கேன் எடுத்தார்கள், ஊசி போட்டுச் சதை எடுத்துச் சோதித்தார்கள். முதுகெலும்பில் காசநோய். மார்புப் பகுதியின் பதினோராவது, பன்னிரண்டாவது எலும்புகள் அரித்துப்போயிருக்கின்றன. இன்னும் இரண்டு மாதம் தள்ளியிருந்தால் இரண்டு காலும் போயிருக்கும் என்றார் டாக்டர்.

எங்க அம்மாவிடம் எப்படிச் சொல்வது என்று தெரியவில்லை. கடைசியில் 'டி.பி.' என்று சொன்னேன். அவளுக்கு உடனே பழைய பெயர் வந்துவிட்டது: 'எலும்புருக்கியா மக்களே?' அவள் காலத்தில் ஆசாரிபள்ளத்துக்குப் போனான் என்றால் காசநோய் ஆஸ்பத்திரிக்குப் போனான் என்றுதான் அர்த்தம். இன்றைக்கு அங்கே மருத்துவக் கல்லூரி நடக்கிறது. அம்மாவின் மனசில் மட்டும் அது இன்னும் திரும்பி வராதவர்களின் இடம். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தாள். அப்புறம், 'தீனம் மனுசனுக்கு வராம மரத்துக்கா வரும்? கஞ்சி குடி' என்றாள்.

மூன்று வாரம் எழுந்து நடக்க முடியவில்லை. நான்கு மருந்து சேர்த்துத் தந்தார்கள். அதில் ரிபாம்பிசின் என்று ஒன்று இருக்கிறது, அதைத் தின்றால் மூத்திரம் செங்கல் கலரில் போகும். படுத்துக்கொண்டு என்ன செய்வது? படித்தேன். நண்பர்கள் கொண்டுவந்த புத்தகங்களில் சிந்துவெளி பற்றியவை நிறைய. ஒரு பக்கம் என் எக்ஸ்ரே, மறுபக்கம் மொகஞ்சதாரோவின் இடிந்த சுவர்களின் புகைப்படம். இரண்டும் ஒரே கருப்பு வெள்ளை. இரண்டிலும் அடுக்கு அடுக்காய் ஏதோ சரிந்து கிடக்கிறது.

ஒரு உண்மையைச் சொல்கிறேன், சிரிக்கக்கூடாது. அந்த நாட்களில் நான் என்னை ஒரு நகரமாக நினைத்துக்கொண்டேன். ஒரு மகத்தான நகரம் அழிகிறது, உலகம் துக்கம் கொண்டாட வேண்டும் என்கிற மாதிரி ஒரு நீண்ட கவிதையும் எழுதினேன். நோயாளிக்குத் தன் உடம்புதான் உலகம். தான் விழுந்தால் எல்லாம் விழுகிறது. வீழ்ந்த பேரரசுகளைப் பற்றி எழுதின வரலாற்றாசிரியர்கள் பலரும் இந்த நோயாளி மாதிரிதான் எழுதியிருக்கிறார்கள் என்பது எனக்குப் பிறகுதான் பிடிபட்டது. அரண்மனை விழுந்தால் எல்லாம் விழுந்தது என்று எழுதிவிடுகிறார்கள். அரண்மனைக்கு வெளியே இருந்தவன் அன்றைக்குச் சாயங்காலம் என்ன உலை வைத்தான் என்று கேட்பதில்லை.

அந்தக் கவிதையை அம்மாவுக்கு வாசித்துக் காட்டினேன். நகரம், செங்கல், கோட்டைச் சுவர் என்று வருகிற இடத்தில் நிறுத்தச் சொன்னாள். 'செங்கல்லு எவ்வளவு பெரிசு?' என்று கேட்டாள். எங்க அம்மா இருபத்திரண்டு வருஷம் செங்கல் சூளையில் சுமடு எடுத்தவள். நான் படித்ததைச் சொன்னேன். சுட்ட செங்கல்லின் கனம், அகலம், நீளம் ஒன்றுக்கு இரண்டுக்கு நான்கு என்ற கணக்கில் இருக்கும், சிந்துவெளி நகரங்களில் ஊருக்கு ஊர் இதே கணக்குதான் என்று. அவள் கையை விரித்து அளந்து பார்த்தாள். பிறகு கேட்டாள்: 'அதைச் சுமந்தது யாரு?'

நான் எழுதின நூற்றிருபது வரிகளில் அதற்குப் பதில் இல்லை. கவிதையைக் கிழித்துப்போட்டேன். மறுபடி படிக்க ஆரம்பித்தேன், இந்தத் தடவை அவளுடைய கேள்வியை வைத்துக்கொண்டு.

உங்களில் மாணவர்கள் இருப்பதால் விவரங்களை வரிசையாய்ச் சொல்கிறேன். 1850களில் லாகூர் - முல்தான் ரயில்பாதை போட்டபோது அரப்பாவின் செங்கற்களைப் பிடுங்கித் தண்டவாளத்துக்கு அடியில் கொட்டினார்கள். 1921இல் தயாராம் சகானி அரப்பாவில் தோண்டினார், அடுத்த வருடம் ராக்கல்தாஸ் பானர்ஜி மொகஞ்சதாரோவில். 1924இல்தான் ஜான் மார்ஷல் இப்படியொரு நாகரிகம் இருந்தது என்று உலகத்துக்கு அறிவித்தார். சுமார் கி.மு. 2600இலிருந்து 1900 வரை அதன் நகர வாழ்க்கை செழித்திருந்தது. திட்டமிட்ட தெரு, மூடின சாக்கடை, ஒரே மாதிரியான எடைக்கல். பிறகு நகரங்கள் மெல்ல மெல்லக் காலியாயின. எழுத்து போயிற்று, எடைக்கல் போயிற்று.

எப்படி விழுந்தது? 1947இல் மார்ட்டிமர் வீலர் ஒரு தீர்ப்பு எழுதினார். மொகஞ்சதாரோவில் தெருவிலும் வீட்டிலும் கிடந்த எலும்புக்கூடுகளை வைத்து, ஆரியர் படையெடுப்பில் நடந்த படுகொலை என்றார், இந்திரன்தான் குற்றவாளி என்றார். நம் மேடைகளில் இன்றைக்கும் பேசுகிறோமே, அது அங்கிருந்து வந்தது. 1964இல் ஜார்ஜ் டேல்ஸ் அதே எலும்புக்கூடுகளை எடுத்துக்கொண்டு, எல்லாம் ஒரே காலத்தவை அல்ல, படுகொலைக்கு ஆதாரமில்லை என்று காட்டினார். அதற்கும் முன்னால், 1946இலேயே, சூத்திரர்கள் யார் என்ற நூலில் அம்பேத்கர் ஆரிய இனம் படையெடுத்து வந்தது என்கிற கோட்பாட்டை ஏற்க மறுத்திருக்கிறார். நம் மேடைகளில் வீலரைச் சொல்கிற அளவுக்கு இதைச் சொல்வதில்லை. இன்றைக்கு ஆய்வாளர்கள் பெரும்பாலும் சொல்வது வேறு: பருவமழை பலவீனமானது, ஆறுகள் வற்றின, இடம் மாறின, தூரதேச வணிகம் அறுந்தது, ஜனங்கள் கிழக்கே கிழக்கே சிறு கிராமங்களாய்ப் பிரிந்து போனார்கள். ஒரே ராத்திரியில் விழுந்த நகரமில்லை. என் காய்ச்சல் மாதிரி சாயங்காலம் வந்து காலையில் போய், மறுபடி வந்து, கொஞ்சம் கொஞ்சமாய் எலும்பைத் தின்றிருக்கிறது.

இனி நான் சொல்லவந்த விஷயம். 2013இல் க்வென் ராபின்ஸ் ஷுக் என்ற ஆய்வாளரும் அவரோடு சேர்ந்தவர்களும் அரப்பாவின் மனித எலும்புகளைப் பரிசோதித்து ஒரு கட்டுரை வெளியிட்டார்கள். அரப்பாவில் மூன்று இடங்களில் கிடைத்த எலும்புகள். ஒன்று, நகரம் செழிப்பாய் இருந்த காலத்து இடுகாடு. இன்னொன்று, நகரம் தேய்ந்த பிறகு வந்த இடுகாடு. மூன்றாவது, நகரச் சுவருக்கு வெளியே ஓரிடம். அதற்கு 'ஜி பகுதி' என்று பெயர் வைத்திருக்கிறார்கள். அங்கே முறையான குழி இல்லை, மண்டையோடும் எலும்பும் குவியலாய்க் கிடந்தன.

அவர்கள் கண்டது இது. காலம் போகப்போகத் தொற்றுநோய் கூடிக்கொண்டே போயிருக்கிறது. தொழுநோயின் தடயம் இருக்கிறது. காசநோயின் தடயமும் இருக்கிறது. ஆனால் நோய் எல்லா இடுகாட்டிலும் ஒரே மாதிரி இல்லை. சமூகத்திலும் பொருளாதாரத்திலும் ஓரத்தில் தள்ளப்பட்டவர்கள்தான் அதிகம் நோய்ப்பட்டிருக்கிறார்கள். அதே குழு அதற்கு முன்னால் எலும்புக் காயங்களையும் ஆராய்ந்திருக்கிறது. அடிபட்ட மண்டைகளும் எல்லா இடுகாட்டிலும் சமமாக இல்லை, சுவருக்கு வெளியே கிடந்தவர்களிடம் அதிகம். அந்த நாகரிகத்தில் போர் இல்லை, வன்முறை இல்லை, எல்லாரும் சமாதானமாய் இருந்தார்கள் என்று பள்ளிக்கூடத்தில் படித்தோமே, அதன் மேல் இந்த எலும்புகள் ஒரு கேள்வி வைக்கின்றன.

இதைப் படித்த அன்றைக்கு ராத்திரி எனக்குத் தூக்கமில்லை. நாலாயிரம் வருஷத்துக்கு முந்தின ஒருத்தனின் எலும்பை அரித்த அதே கிருமி என் பதினோராவது எலும்பில் உட்கார்ந்திருக்கிறது. சதை சாட்சி சொல்லாது, அழுகிப்போய்விடும். காசநோய் எலும்புவரை போனால் எழுதிவைத்துவிட்டுப் போகிறது. ராஜாவின் கல்வெட்டில் இடம் கிடைக்காதவனுக்கு அவனுடைய எலும்புதான் கல்வெட்டு.

தோழர்களே, இங்கேதான் நம்மிடம் ஒரு கேள்வி கேட்க விரும்புகிறேன். 'நாங்களும் ஆண்ட பரம்பரைதான்' என்று நம்மில் சிலர் பேசுகிறோம். சிந்துவெளி எங்களுடையது, அந்தக் கோட்டை எங்களுடையது, அதை இழந்துதான் சேரிக்கு வந்தோம் என்று. இழிவு சுமந்த ஒருத்தன் தன் பிள்ளைக்குச் சொல்ல ஒரு பெருமை தேடுகிறான், அந்தத் தேவை எனக்குப் புரிகிறது. நானும் அப்படிக் கவிதை எழுதினவன்தான். ஆனால் அந்த நகரம் நம்முடையது என்றே வைத்துக்கொள்வோம். அந்த நகரத்தில் நமது இடுகாடு எது? செழிப்பாய்ப் பானையும் வளையலும் வைத்துப் புதைத்தார்களே, அதுவா? சுவருக்கு வெளியே குவித்துவைத்தார்களே, அதுவா?

அவசரப்பட்டு, ஜி பகுதியில் கிடந்தவர்கள் தலித்துகள் என்று நான் சொல்லவரவில்லை. அது தப்பு. 1948இல் எழுதிய நூலில் அம்பேத்கர் தீண்டாமை பிறந்த காலத்தைக் கி.பி. 400 வாக்கில் வைக்கிறார். போரில் தோற்றுச் சிதறிய மனிதர்கள் ஊருக்கு வெளியே குடியமர்த்தப்பட்டதைப் பேசுகிறார். அரப்பா அதற்கு இரண்டாயிரம் வருஷத்துக்கும் முந்தியது. அங்கே சாதி இருந்ததா என்று அந்த எலும்புகளை வைத்து யாரும் சொல்லமுடியாது. நான் சொல்வது இவ்வளவுதான்: சாதிக்குப் பெயர் வைப்பதற்கு முன்னாலேயே 'சுவருக்கு வெளியே' என்கிற இடம் இருந்திருக்கிறது. நகரம் நலிந்தபோது அந்த இடம் முதலில் நலிந்திருக்கிறது. மூடின சாக்கடையைப் பார்த்து நாம் பெருமைப்படும்போது, அதைத் திறந்து கழுவினது யார் என்று கேட்கவேண்டிய முதல் ஆள் நாமாக இருக்கவேண்டாமா? மலம் அள்ளுவதைத் தடுக்க 1993இல் ஒரு சட்டம், 2013இல் இன்னொரு சட்டம் வந்த பிறகும் சாக்கடைக் குழிக்குள் செத்துக்கொண்டிருக்கிற சனங்கள் நாம்.

நம் வீட்டுப் பக்கத்துக்கே வருகிறேன். இங்கிருந்து சில கிலோமீட்டரில் சிதறால் மலை. பையனாய் இருந்தபோது ஓடியே ஏறுவேன், இப்போது அடிவாரத்தில் நின்று பார்க்கிறேன். மேலே சமணர் குடைந்த பாறை, தீர்த்தங்கரர் சிற்பங்கள். ஒன்பதாம் நூற்றாண்டில் ஆய் அரசன் விக்கிரமாதித்த வரகுணனின் 28ஆம் ஆட்சியாண்டுக் கல்வெட்டு ஒன்று, குணந்தாங்கிக் குரத்திகள் என்ற சமணப் பெண் துறவி பொன் அணிகலன் கொடுத்ததைச் சொல்கிறது. பின்னால், 13ஆம் நூற்றாண்டில், அது பகவதி கோவிலாயிற்று. இதே மண்ணில் ஆய் அரசன் கருநந்தடக்கன் 866இல் பார்த்திவசேகரபுரத்தில் சாலை நிறுவினான். 95 மாணவர்கள் படிக்க ஏற்பாடு. யார் படிக்கலாம் என்று நான் சொல்லவேண்டாம், எல்லாம் வேதம் படிக்கிறவர்கள். இன்றைக்கு ஆய் அரசும் இல்லை, சமணரும் இல்லை. பொன் கொடுத்தவரின் பெயர் கல்லில் இருக்கிறது. அந்தப் பாறையைச் செதுக்கின ஆளின் பெயர் இல்லை. அவனுக்குக் கல்தூசியில் நெஞ்சு கெட்டிருக்கும். அதை எழுதிவைக்க யாருமில்லை.

ஆபீஸ் கதையும் ஒன்று சொல்லணும். ஐந்து மாதம் கழித்து வேலைக்குத் திரும்பினேன். முதுகெலும்பில் மட்டும் இருக்கிற காசநோய் மூச்சுவழியே யாருக்கும் தொற்றாது. நெஞ்சில் நோய் இல்லை என்று டாக்டர் எழுதிக்கொடுத்த தாளையும் காட்டினேன். பதினொரு மணிக்கு டீ வந்தது. எல்லாருக்கும் கண்ணாடித் தம்ளர், எனக்கு மட்டும் பேப்பர் கப். யாரும் ஒன்றும் சொல்லவில்லை, ரொம்ப மரியாதையாய்த்தான் வைத்தார்கள். அது என் தீனத்துக்கா, என் சாதிக்கா என்று எனக்கு இன்றைக்குவரை தெரியாது. ஒருவேளை பன்னிரண்டு வருஷமாய் மனசில் இருந்ததுக்கு இப்போது ஒரு மருத்துவக் காரணம் கிடைத்திருக்கலாம். டீக்கடை இரட்டைத் தம்ளரைப் பற்றி எவ்வளவோ எழுதியிருக்கிறேன். அன்றைக்கு அந்தக் கப்பைக் கையில் பிடித்துக்கொண்டு ஒரு வார்த்தை பேசாமல் குடித்தேன். இதை இங்கே ஒத்துக்கொள்ள வெட்கமாய் இருக்கிறது. ஒரு மாதம் கழித்துத்தான் வீட்டிலிருந்து ஒரு கண்ணாடித் தம்ளர் கொண்டுபோய், 'இதில ஊத்துங்க' என்று சொல்ல முடிந்தது. மறுநாளிலிருந்து எல்லாருடைய தம்ளரோடும் அதுவும் சேர்ந்துதான் கழுவப்படுகிறது.

அதே கவுண்டரில் இன்னொன்றும் நடந்தது. காசநோயாளிகளுக்குச் சத்துணவுக்காக அரசு கணக்கில் போடுகிற பணம் இருக்கிறது. 2018இல் மாதம் 500 ரூபாயாய் ஆரம்பித்தது, 2024 நவம்பரிலிருந்து 1000. எனக்கு நோய் வருவதற்கு முன்பே ஒரு பாட்டி வருவாள், 'பைசா வந்துதா மக்களே?' என்று கேட்பாள். பாஸ்புக்கை மெஷினில் சொருகி, முகத்தைப் பார்க்காமல் திருப்பிக் கொடுப்பேன். எனக்கு வந்த பிறகு ஒருநாள் எழுந்துபோய் அவள் பக்கத்தில் உட்கார்ந்தேன். 'எனக்கும் அந்தத் தீனந்தான் பாட்டி' என்றேன். அவள் என் முதுகைத் தடவிப் பார்த்தாள். 'குளிகையை மொடக்காதே' என்றாள். எந்தப் புத்தகத்திலும் கிடைக்காத தைரியம் எனக்கு அதில் கிடைத்தது.

அந்தக் குளிகைக்கு ஒரு வரலாறு உண்டு. 1956இல் சென்னை சேத்துப்பட்டில் ஓர் ஆராய்ச்சி ஆரம்பித்தார்கள். காசநோய் என்றால் சானடோரியத்தில் நல்ல காற்று, நல்ல சாப்பாடு, மாதக்கணக்கில் ஓய்வு என்று உலகம் நம்பியிருந்த காலம். அதெல்லாம் யாருக்குக் கிடைக்கும்? சென்னையின் ஏழைகளை இரண்டாய்ப் பிரித்து, பாதிப்பேரைச் சானடோரியத்திலும் பாதிப்பேரை அவரவர் நெருக்கடியான வீட்டிலேயே வைத்தும் மருந்து கொடுத்துப் பார்த்தார்கள். 1959இல் முடிவு வெளிவந்தது: ஒழுங்காய் மருந்து தின்றால் வீட்டிலும் குணமாகும், வீட்டிலிருப்பவர்களுக்கு அதனால் கூடுதல் ஆபத்தும் இல்லை. உலகம் முழுக்கச் சிகிச்சை முறையே மாறியது. காசநோயாளியைச் சுவருக்கு வெளியே கொண்டுவைக்க வேண்டியதில்லை என்று அறிவியலே சொல்லிவிட்டது. நம் சனங்களின் உடம்பில் எழுதப்பட்ட முடிவு அது.

ஆகவே நாகரிகத்துக்கு என் அளவுகோல் மாறிவிட்டது. கோட்டை எவ்வளவு உயரம், குளம் எவ்வளவு பெரிசு என்று இனி நான் கேட்கமாட்டேன். சுவருக்கு வெளியே இருப்பவனின் எலும்பும் உள்ளே இருப்பவனின் எலும்பும் ஒரே மாதிரி இருக்கிறதா என்று கேட்பேன். வீழ்ச்சி என்றால், அந்தப் பாட்டிக்குக் குளிகை வராமல் நிற்கிற நாள். அன்றைக்குக் கோபுரங்கள் எல்லாம் நின்றுகொண்டிருந்தாலும் அது வீழ்ச்சிதான்.

புத்தரின் கடைசி நாட்களைச் சொல்லி முடிக்கிறேன். கொல்லன் சுந்தன் போட்ட சாப்பாட்டுக்குப் பிறகு புத்தருக்கு வயிற்றில் கடுமையான நோய். அந்த வேதனையிலும், இதற்காகச் சுந்தனை யாரும் குறை சொல்லக்கூடாது என்று ஆனந்தரிடம் சொல்லி ஏற்பாடு செய்கிறார். ஒரு தொழிலாளியின் மேல் பழி விழும் என்று சாகிறபோது யோசித்த மனிதர். பிறகு குசிநாரா. மண்சுவர் வைத்த இந்தச் சின்ன ஊரில் சாகவேண்டாம், பெரிய நகரம் எதற்காவது போகலாம் என்று ஆனந்தர் கெஞ்சுகிறார். அப்படிச் சொல்லாதே, இந்த இடத்தில் ஒரு காலத்தில் குசாவதி என்ற மாபெரும் ராஜதானி இருந்தது என்கிறார் புத்தர். சின்ன ஊர் என்று நாம் நினைக்கிற இடம் ஒரு பழைய தலைநகரம். பெரிய நகரம் என்று நினைக்கிறது நாளைக்குச் சின்ன ஊர். குழித்துறையில் கிடந்துகொண்டு அதைப் படித்தபோது, சாவதற்குப் பெரிய இடம் என்று ஒன்று இல்லை என்று தோன்றியது. அம்பேத்கரும் சர்க்கரை நோயோடும் நரம்பு வலியோடும் எழுதிக்கொண்டே போனவர்தான். புத்தரும் அவர் தம்மமும் அவர் இறந்த பிறகு 1957இல் வெளிவந்தது. தன் உடம்பு விழுவது அவருக்குத் தெரியும். எழுதி முடிக்கவேண்டியது எது என்பதும் தெரியும்.

என் மருந்து இன்னும் மூன்று மாதம் இருக்கிறது. அரித்துப்போன இரண்டு எலும்பும் இப்போது ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டு வருகின்றன என்றார் டாக்டர். லேசான கூன் இருக்கும், போகாது. ஆடி அமாவாசைக்கு வாவுபலி நடக்கும்போது நம் ஆற்றங்கரையில் செத்தவர்களுக்குப் பலியிடுகிற கூட்டத்தைப் பார்த்துக்கொண்டு நானும் அம்மாவும் நின்றோம். எனக்கு எரிப்பது வேண்டாம், புதைக்கச் சொல்லு என்று அவளிடம் சொன்னேன். 'வாயில நல்லது வராதா ஒனக்கு?' என்று அடித்தாள், பெல்ட்டின் மேல்தான்.

காரணத்தை அவளிடம் சொல்லவில்லை. உங்களிடம் சொல்கிறேன். எத்தனையோ ஆயிரம் வருஷம் கழித்து யாராவது இங்கே தோண்டினால், ஒட்டிப்போன என் இரண்டு எலும்பையும் பார்ப்பான். இவனுக்கு எலும்புருக்கி வந்திருக்கிறது என்று கண்டுபிடிப்பான். அதோடு, இது ஆறியிருக்கிறது, இவனை யாரோ பார்த்துக்கொண்டிருக்கிறார்கள் என்றும் அவனுக்குத் தெரியும். அவன் தோண்டுகிற மற்ற எலும்புகளும் அப்படி ஆறியிருக்கவேண்டும். அந்த வேலை நம்முடையது. இரண்டு வாரத்துக்கு மேல் இருமுகிற யாராவது உங்கள் தெருவில் இருந்தால், நாளைக்குக் காலையில் கூட்டிக்கொண்டு போங்கள்.